தாமஸ் கிரஹாம், லின்டாக் பிரபு

தாமஸ் கிரஹாம் (1748–1843): ஸ்காட்லாந்தின் பெர்த்ஷயரைச் சேர்ந்த நிலக்கிழார், படைத்தலைவர், நாடாளுமன்ற உறுப்பினர். நாற்பது வயது கடந்தபின் ராணுவத்துக்கு வந்து தளபதியானவர் என்பதே இவரது தனிச்சிறப்பு.

1774இல் மேரி கேத்கார்ட்டை மணந்தார். ஓவியர் கெயின்ஸ்பரோ தீட்டிய மேரியின் முழு உருவப்படம் எடின்பரோவில் உள்ளது. நோயுற்றிருந்த மேரி 1792இல் தென்பிரான்ஸ் கடற்கரையருகே இறந்தார். உடலைத் தாயகம் கொண்டுசெல்லும் வழியில், துலூஸ் அருகே பிரெஞ்சுப் புரட்சிப்படையினர் சவப்பெட்டியை உடைத்துச் சோதித்தனர். அந்த அவமதிப்பே கிரஹாமைப் போர்முனைக்குத் தள்ளியது. 1793இல் தூலோன் முற்றுகையில் தன்னார்வலராகச் சேர்ந்தார். மறு ஆண்டு சொந்தச் செலவில் 90ஆம் காலாட்படைப் பிரிவைத் திரட்டினார். 1794 முதல் 1807 வரை பெர்த்ஷயரின் நாடாளுமன்ற உறுப்பினர்.

ஸ்பெயினில் 1811 மார்ச் 5 அன்று பரோசாவில் பிரெஞ்சுப் படையை முறியடித்தது இவரது தலைசிறந்த வெற்றி. அப்போது வயது 62. 1813இல் சான் செபஸ்தியானைக் கைப்பற்றினார். 1814இல் நெதர்லாந்தின் பெர்கன்-ஓப்-சூம் கோட்டைத் தாக்குதல் பெருந்தோல்வி. அதே ஆண்டு பிரபுப் பட்டம் பெற்றார்.

தென் ஆஸ்திரேலியாவின் பரோசா பள்ளத்தாக்கு 1811ஆம் ஆண்டுப் பரோசா போரின் நினைவாகப் பெயரிடப்பட்டது.