பனி மூடிய கோடு

அமெரிக்கக் கறுப்பினக் கல்லூரிகளின் கால்பந்து ஒரு தகராறோடுதான் பிறந்தது.

1892 டிசம்பர் 27. கிறிஸ்துமஸ் முடிந்து இரண்டாம் நாள். வட கரோலினாவின் சாலிஸ்பரி ஊரில், லிவிங்ஸ்டன் கல்லூரிக்கும் சார்லட்டிலிருந்து வந்த பிடில் பல்கலைக்கழகத்துக்கும் போட்டி. தனி மைதானம் ஏது? கல்லூரியின் முன்புறப் புல்வெளியிலேயே கோடு போட்டுக்கொண்டார்கள். பாதிக்கு 45 நிமிடம் என்று கணக்கு. கறுப்பினக் கல்லூரிகள் இரண்டு மோதியதாகப் பதிவாகியுள்ள முதல் ஆட்டம் இதுதான்.

கால்பந்து என்றதும் நம்மூர் ஃபுட்பாலை நினைத்துவிட வேண்டாம். இரு முனையும் கூம்பிய பந்தை நெஞ்சோடு அணைத்துக்கொண்டு, எதிராளிகளை முட்டித் தள்ளிக்கொண்டு ஓடும் முரட்டு விளையாட்டு. பந்தை முன்னால் வீசிக் கொடுக்க அனுமதி வந்ததே 1906-ல்தான். அதுவரை தள்ளுமுள்ளுதான் ஆட்டம்.

அப்போது அடிமைமுறை ஒழிந்து 27 ஆண்டுகளே ஆகியிருந்தன. பிடில், பிரஸ்பிட்டீரியன் சபையார் 1867-ல் தொடங்கியது. லிவிங்ஸ்டன் 1879-ல் தொடங்கியது. ஆப்பிரிக்க மெதடிஸ்ட் சீயோன் சபையைச் சேர்ந்தது. தெற்கு மாநிலங்களின் வெள்ளையர் கல்லூரிகள் கறுப்பின மாணவர்களை வகுப்பிலும் சேர்க்கவில்லை, ஆட்டத்திலும் சேர்க்கவில்லை. அதே 1892-ல் வடக்கே ஹார்வர்டில் வில்லியம் ஹென்றி லூயிஸ் என்ற கறுப்பின வீரர் நாட்டின் சிறந்த பதினொருவரில் ஒருவராகத் தேர்வானார் என்பது உண்மைதான். ஆனால் லூயிஸ் ஒருவருக்குத் திறந்த கதவு தெற்கில் இருந்தவர்களுக்குத் திறக்கவில்லை. அவர்கள் தங்களுக்குள் ஆடிக்கொள்ள வேண்டியதாயிற்று.

பிடில் மாணவர்கள் இரண்டு வருடமாக ஆட்டத்தைப் படித்துப் பழகியிருந்தார்கள். லிவிங்ஸ்டன் பையன்கள் ஆளுக்குக் கொஞ்சம் காசு போட்டு ஒரு சரியான பந்தும் உடுப்பும் வாங்கினார்கள். தனிக் காலணிக்கு வழியில்லை. தினமும் போட்டு நடக்கும் ஷூவின் அடியில், வழுக்காமலிருக்கக் கட்டைகளைப் பொருத்திக்கொண்டார்கள். ஆடி முடித்ததும் கழற்றிவிட்டு அதே ஷூவோடு நடந்தார்கள்.

ஆட்டத்தின் தொடக்கத்திலேயே பிடில் 5–0 என்று முந்திவிட்டது. பனி விழுந்துகொண்டே இருந்தது. போட்ட கோடெல்லாம் வெண்மைக்குள் மறைந்தது. அந்த நேரத்தில் பிடிலின் கையிலிருந்து பந்து நழுவ, லிவிங்ஸ்டனின் டபிள்யூ. ஜே. டிரென்ட் அதை அள்ளிக்கொண்டு ஓடி, எதிரணியின் கடைசிக் கோட்டைத் தாண்டி டச்டவுன் வைத்தார். உடனே பிடில் அணி மறித்தது: பந்தை எடுத்த இடம் எல்லைக்கு வெளியே! எல்லை எங்கே என்று காட்டக் கோடு இருந்தால்தானே? நடுவர் பிடில் பக்கம் தீர்ப்புச் சொன்னார். ஸ்கோர் மாறவில்லை.

இதில் ஒரு கணக்கு இருக்கிறது. அன்றைய விதிப்படி டச்டவுனுக்கு 4 புள்ளி. அதன்பின் பந்தை உதைத்துக் கம்பங்களுக்கு நடுவே அனுப்பினால் இன்னும் 2. டிரென்ட் வைத்த டச்டவுன் செல்லுபடியாகி, உதையும் சரியாக விழுந்திருந்தால் 6–5. முதல் வெற்றி லிவிங்ஸ்டன் பெயரில் இருந்திருக்கும். டிரென்ட்டுக்கு வேறொரு வகையில் ஈடு கிடைத்தது என்று வைத்துக்கொள்ளலாம்: 1925-ல் அதே கல்லூரியின் தலைவரான அவர், 1957 வரை அந்தப் பொறுப்பில் இருந்தார்.

ஓர் ஆட்டம் நடத்தப் பந்தும் புல்வெளியும் போதும். ஒரு பருவம் முழுக்க ஆட வேண்டுமென்றால் அட்டவணை வேண்டும், பொது நடுவர்கள் வேண்டும், யார் மாணவர் யார் இல்லை என்று சொல்ல ஆள் வேண்டும். அடுத்த இருபது ஆண்டுகளில் ஆட்டம் பரவிய வேகத்துக்கு இதெல்லாம் வளரவில்லை. 1897-ல் டஸ்கீகியும் அட்லாண்டா பல்கலைக்கழகமும் மோதின. வடக்கே ஆடிப் பழகியவர்கள் தெற்கே வந்து கற்றுக்கொடுத்தார்கள். மேத்யூ புல்லக்கை எடுத்துக்கொள்ளுங்கள். டார்ட்மத் அணிக்காக 1903-ல் பிரின்ஸ்டனுக்கு எதிராக ஆடியபோது காறை எலும்பு முறிந்தவர். ஹார்வர்டில் சட்டம் படித்துவிட்டு, பின்னாளில் மோர்ஹவுஸ் ஆன அட்லாண்டா பாப்டிஸ்ட் கல்லூரியில் பாடமும் நடத்தினார், கால்பந்தும் சொல்லிக்கொடுத்தார். பயிற்சிக்கு ஆள் கிடைத்துவிட்டது; ஒழுங்குபடுத்தத்தான் ஒரு பொது அமைப்பு இல்லை. படிக்காதவனை மாணவன் என்று இறக்குவதும், ஒரே ஆள் வருடக்கணக்கில் ஆடுவதும் அன்றைய அமெரிக்கக் கல்லூரிக் கால்பந்தில் எல்லாத் தரப்பிலும் இருந்த வியாதிதான்.

இதற்கு ஒரு வழி காண, 1912-ல் சில கறுப்பினக் கல்லூரிகளின் பிரதிநிதிகள் வர்ஜீனியாவின் ஹாம்ப்டன் கல்வி நிலையத்தில் கூடினார்கள். ஹாம்ப்டனின் சார்லஸ் வில்லியம்ஸும் ஹோவர்டின் எர்னஸ்ட் மார்ஷலும் முன்கை எடுத்தவர்களில் முக்கியமானவர்கள். ஹாம்ப்டன், ஹோவர்ட், லிங்கன், ஷா, வர்ஜீனியா யூனியன் ஆகியவை சேர்ந்து சி.ஐ.ஏ.ஏ. என்ற சங்கத்தை அமைத்தன. கறுப்பினக் கல்லூரிகளுக்கான முதல் விளையாட்டுச் சங்கம் அது. மறு வருடமே தெற்கில் எஸ்.ஐ.ஏ.சி. என்ற இன்னொரு சங்கம் உருவானது. என்னைக் கேட்டால் 1892-ல் பிறந்தது ஆட்டம். பருவம் பிறந்தது இந்த 1912-ல்தான்.

அதன்பின் நவம்பர் மாத நன்றி நவிலல் நாளில் ஹோவர்டும் லிங்கனும் மோதுவது 1920-களில் ஆட்டம் என்ற அளவைத் தாண்டி, கறுப்பின மக்கள் நல்ல உடை உடுத்திக்கொண்டு ஊர்விட்டு ஊர் வந்து கூடும் விழாவாகவே ஆயிற்று. பாதி சனம் ஆட்டத்தைப் பார்க்க வந்தது, மீதி ஒருவரையொருவர் பார்க்க வந்தது போலும்.

பருவம் இருந்தால் பட்டமும் வேண்டுமே? அதை அறிவிக்கும் வேலையை ஒரு கறுப்பினப் பத்திரிகையே ஏற்றுக்கொண்டது. பிட்ஸ்பர்க் கூரியரின் சாம்பியன் பட்டியல் 1920 பருவத்தில் தொடங்குகிறது. முதல் வருடப் பட்டத்தை ஹோவர்டும் அலபாமாவின் டல்லடீகா கல்லூரியும் பகிர்ந்துகொண்டன. ஒப்பிட்டுப் பாருங்கள்: செய்தி நிறுவனமான அசோசியேட்டட் பிரஸ் தன் கல்லூரிக் கால்பந்துத் தரவரிசையை வாராவாரம் வெளியிடத் தொடங்கியதே 1936-ல்தான்.