ஹைன்ரிஷ் பியோல்

ஹைன்ரிஷ் பியோல் (1917–1985), போருக்குப் பிந்தைய மேற்கு ஜெர்மனியின் நாவலாசிரியர், சிறுகதையாளர், கட்டுரையாளர். 1972இல் இலக்கியத்துக்கான நோபல் பரிசு பெற்றார். பரிசு அறிவிப்பு வருவதற்குச் சில மாதங்களுக்கு முன்புதான் போலீஸார் அவர் வீட்டைச் சோதனையிட்டிருந்தார்கள்.

1917 டிசம்பர் 21 அன்று கொலோன் நகரில் பிறந்தார். தந்தை தச்சர், மரச்சிற்பி. நாஜிகளை அறவே பிடிக்காத கத்தோலிக்கக் குடும்பம்; ஹிட்லர் இளைஞர் படையில் பியோல் சேரவில்லை. பான் நகரப் புத்தகக் கடையொன்றில் கொஞ்சகாலம் தொழில் பழகினார். 1939இல் பல்கலைக்கழகத்தில் சேர்ந்த கையோடு ராணுவத்துக்கு இழுக்கப்பட்டார். பிரான்ஸ், ருமேனியா, ஹங்கேரி, சோவியத் ஒன்றியம் என்று அலைக்கழிப்பு, பலமுறை காயம். வீட்டுக்கு எழுதிய கடிதங்களில் பெர்விட்டின் மாத்திரை அனுப்பச் சொல்லிக் கேட்கிறார். தூக்கத்தை விரட்ட அன்றைய ஜெர்மனியில் விற்ற மெத்தாம்ஃபெட்டமின் அது. பின்னாளில் அவர் கதைகளில் வரும் சிப்பாய்களிடம் வீரப் பேச்சே கிடையாது. பசியும் அசதியும் ரயிலுக்குக் காத்திருப்பதும்தான். 1945 ஏப்ரலில் அமெரிக்கப் படையிடம் கைதியானார்.

ஊர் திரும்பியபோது கொலோன் இடிந்து கிடந்தது. மனைவி அன்னமாரியின் ஆசிரியைச் சம்பளத்தில் குடும்பம் ஓட, இவர் எழுதினார். முதல் புத்தகமான 'ரயில் நேரத்துக்கு வந்தது' 1949இல் வெளியானது. 1951இல் 'குழு 47' என்ற எழுத்தாளர் வட்டத்தின் பரிசு கிடைத்தபிறகு எழுத்தே பிழைப்பானது. கணவனும் மனைவியுமாக, ஆங்கிலத்தில் எழுதிய சாலிஞ்சரையும் ஷாவையும் ஜெர்மனில் மொழிபெயர்த்தார்கள்.

1950களில் நாடு பணம் பார்க்கத் தொடங்கியது. பழைய நாஜிகள் பலர் மறுபடி நாற்காலிகளில் அமர்ந்தார்கள். பியோலின் கோபமும் நையாண்டியும் கூர்மை பெற்றது இப்போதுதான். 'டாக்டர் முர்க்கே சேகரித்த மௌனம்' கதையில், 1945இன் சூட்டில் மதம் மாறிய பேரறிஞர் ஒருவருக்குத் தம் வானொலி உரைகளில் 27 இடங்களில் வரும் 'கடவுள்' உறுத்துகிறது. அதை வெட்டிவிட்டு வழவழப்பான ஒரு சொற்றொடரை ஒட்டச் சொல்கிறார். இளம் வானொலி ஊழியர் முர்க்கே அவரை ஸ்டூடியோவில் உட்காரவைத்து, வேற்றுமை வேற்றுமையாக அதையே திரும்பத் திரும்பச் சொல்லவைத்து வறுத்தெடுக்கிறார். பேச்சாளர்கள் பேச்சை நிறுத்திய இடங்களில் வெட்டிய ஒலிநாடாத் துண்டுகளை ஒட்டி, வீட்டில் போட்டுக் கேட்பது முர்க்கேயின் வழக்கம். வெட்டிய 'கடவுள்'களும் வீணாவதில்லை; வேறொரு நாடகத்தில் வெற்றிடத்தை நிரப்பப் போய்ச் சேருகின்றன. 'ஒன்பதரை மணிக்கு பில்லியர்ட்ஸ்' (1959), கத்தோலிக்க வட்டாரத்தைச் சீண்டிய 'ஒரு கோமாளியின் பார்வைகள்' (1963), 'குழுப்படத்தில் ஒரு சீமாட்டி' (1971) ஆகிய நாவல்களுக்கே அதிகப் புகழ் என்றாலும், கச்சிதத்தில் இந்தச் சிறுகதையை அவை எட்டவில்லை.

1971 டிசம்பரில் கைசர்ஸ்லாட்டர்ன் நகர வங்கிக் கொள்ளையில் ஒரு போலீஸ்காரர் கொல்லப்பட்டார். ஆதாரம் வரும் முன்பே, பாடர்–மைன்ஹோஃப் தீவிரவாதக் குழுதான் கொன்றது என்று 'பில்ட்' நாளிதழ் தலைப்புப் போட்டது. அந்தக் குழுவின் ஆட்கள்தான் செய்தார்கள் என்பது பின்னர் நீதிமன்றத்தில் நிரூபணமானது. ஆனால் தீர்ப்பைப் பத்திரிகை எழுதலாமா என்பதே பியோலின் கேள்வி. 1972 ஜனவரியில் 'டேர் ஷ்பீகல்' இதழில் அவர் எழுதிய கட்டுரைக்கு, ஆசிரியர் குழு தன்பாட்டில் சூடான தலைப்பு வைத்தது. ஊடக அத்துமீறலைக் கண்டித்த கட்டுரைக்கே அந்தக் கதி. தீவிரவாத ஆதரவாளர் என்ற முத்திரை விழுந்தது. ஜூன் 1 அன்று ஐஃபெல் மலைப்பகுதி லாங்கன்பிராய்க் கிராமத்தில் இருந்த அவர் வீட்டுக்குப் போலீஸ் வந்தது.

இதற்கெல்லாம் பதிலடியாக வந்தது 'காத்தரினா புளூமின் இழந்த மானம்' (1974). போலீஸ் தேடும் ஒருவனோடு ஒரு இரவைக் கழித்த வீட்டு வேலைக்காரப் பெண்ணை நாளிதழ் ஒன்று சின்னாபின்னமாக்குகிறது. கடைசியில் அவள் நிருபரைச் சுட்டுவிடுகிறாள். அடுத்த ஆண்டே ஃபோல்கர் ஷ்லோண்டோர்ஃபும் மார்கரெத்தே ஃபான் ட்ரோட்டாவும் இதைப் படமாக்கினார்கள். வன்முறைக்கு வித்திட்டவர் என்று தம் மேற்கோள்களைத் திரித்துக் காட்டிய தொலைக்காட்சி விமர்சகர்மீது பியோல் வழக்குத் தொடுத்தார். பொய்யான மேற்கோளுக்குக் கருத்துச் சுதந்திரம் கேடயமாகாது என்று கூட்டாட்சி அரசியல் சாசன நீதிமன்றம் 1980இல் தீர்ப்பளித்தது. ஜெர்மன் சட்ட மாணவர்கள் இன்றும் படிக்கும் தீர்ப்பு அது.

இடதுசாரி என்று ஏசியவர்கள் ஒன்றை மறந்தார்கள். 1974 பிப்ரவரியில் சோவியத் அரசு நாடுகடத்திய எழுத்தாளர் சோல்ஷெனிட்சின் முதலில் வந்து தங்கியது பியோலின் வீட்டில்தான். 1971 முதல் 1974 வரை சர்வதேச பென் எழுத்தாளர் அமைப்பின் தலைவராகவும் பியோல் இருந்தார். 'நாட்டின் மனசாட்சி' என்ற பட்டம் அவருக்கு ஒவ்வவில்லை. அந்த வேலை நாடாளுமன்றத்துக்கும் சட்டத்துக்கும் நீதிமன்றத்துக்கும் உரியது என்றார்.

1976இல் கத்தோலிக்கத் திருச்சபையிலிருந்து விலகினார். 1983இல் முட்லாங்கன் அமெரிக்க ஏவுகணைத் தளத்தின் வாசலில் மறியலில் உட்கார்ந்தார். 1985 ஜூலை 16 அன்று லாங்கன்பிராய்க்கில் காலமானார். திருச்சபையை விட்டு விலகியிருந்தும், அடக்கத்தின்போது பாதிரியார் ஒருவரும் இருந்தார். பசுமைக் கட்சி சார்ந்த அறக்கட்டளை இப்போது அவர் பெயரில் இயங்குகிறது. போர் முடிந்த சில ஆண்டுகளில் எழுதி, அன்றைய பதிப்பகம் வேண்டாம் என்ற 'தேவதை மௌனமாயிருந்தாள்' என்ற இடிபாட்டு நாவல் 1992இல்தான் அச்சேறியது.