தோலூர்களும் தகட்டுத் தொழிலும்

தகடென்றால் நம் முன்னோர்க்குச் செம்பும் பித்தளையுமே. குடமும் அண்டாவும் அடித்துச் செய்த கன்னார்க்கு அவ்விரண்டின் குணமும் கைவந்திருந்தது. ஆனால் முன்னாளில் வட ஆர்க்காடு ஜில்லா எனப்பட்ட நாட்டில், வேலூர், மேல்விஷாரம், இராணிப்பேட்டை, பேர்ணாம்பட்டு, ஆம்பூர், வாணியம்பாடி முதலிய ஊர்களில் தோல் பதனிடுந் தொழில் ஓங்கிய பின்னர், எந்தத் தகடு எதைத் தொடலாம் என்னும் கேள்வி நம்மவர்க்குப் புதிதாய் எழுந்தது. அவ்வரலாற்றைச் சங்கத்து அன்பர்கள் அறிதல் நலமெனக் கருதி ஈண்டு எழுதலானோம்.

முதலில் அவ்வூர்களில் தோல் பதனிட்டது ஆவாரம்பட்டையாலும் கடுக்காயாலுமே. இவற்றின் துவர்ச்சத்து இரும்பைத் தொட்டால் நீலங் கலந்த கருமை பிறக்கும். நம் பாட்டனார் காலத்தில் கடுக்காய்க் கஷாயத்தில் அன்னபேதி கலந்து மை காய்ச்சியதும் இதே விதியால்தான். ஏட்டிற்கு அழகாகிய அக்கருமை, வெளிநாட்டிற்கு ஏற்றவேண்டிய தோலின்மேல் விழுந்தால் விலை குன்றிப்போம். ஆதலின் பட்டைத் தொட்டிகளுக்கு மரமும் காரையும், ஆணிக்குச் செம்பும் பித்தளையுமே தகுந்தவை. இரும்பு மலிவென்று அங்கே ஓராணி அடித்தவன் அதனிலும் பெரிய நஷ்டத்தை வாங்கிக்கொண்டான்.

இனி அலுமினியத்தின் கதையைக் கூறுவாம். 1850-ல் டாக்டர் ஹண்டர் என்பவர் தொடங்கிய சென்னைக் கலைத்தொழிற் பாடசாலைக்கு ஆல்பிரட் சாட்டர்டன் என்னும் துரை தலைவராயிருந்தார். அவர் 1898-ல் அங்கே அலுமினியத் தகட்டால் பாத்திரம் செய்யும் பரீட்சையைத் தொடங்கினார். 1886-ல் ஹால், ஹெரூல்ட் என்னும் இருவர் தனித்தனியே மின்சாரத்தால் இவ்வுலோகத்தைப் பிரிக்கும் வழி கண்டதனால், முன்னே அருமையாயிருந்த பொருள் அப்போது மலிந்து வந்தது. செம்பு நீரினும் ஏறக்குறைய 9 மடங்கு கனம்; அலுமினியம் 2.7 மடங்கே. ஒரே எடைக்கு ஒரே கனத்தில் மூன்று பங்கிற்கு மேல் தகடு கிடைக்கும். புளி பட்டாற் களிம்பேறாது, ஈயம் பூசவேண்டுவதில்லை. மக்கள் விரும்பியதில் வியப்பென்ன? அத்தொழில் சில வருஷங்களில் தனியார் கம்பெனியொன்றின் வசமாயிற்று.

ஆனால் அம்மாறுதலின் விலையைக் கொடுத்தவர் நம்மவரே. தெருத்தெருவாய்த் துருத்தி சுமந்து ஈயம் பூசியவருக்கு அலுமினியப் பாத்திரத்தில் வேலையில்லை. சாதாரணப் பற்று அதிற் பிடியாது. காற்றுப் பட்டவுடன் மேலே மெல்லிய படலம் மூடிக்கொள்ளும். ஆதலாற் பொத்தலை அடைத்துக் கூலி பெறும் வழியும் குறைந்தது. புதிய தகட்டை வெறுத்து ஒதுக்கியவரினும், கடைசல் யந்திரத்தில் அதை அழுத்தி வனையக் கற்றவரே பிழைத்தனர். இதைச் சொல்ல நமக்கு வருத்தமாயினும் உண்மை அதுவே.

அதே சாட்டர்டன் துரைதான் குரோமியத் தோலையும் சென்னையிற் பரீக்ஷித்தார். கவலை இறைக்கும் சாலை நினைத்துப்பாருங்கள்: மேலே இரும்புத் தகட்டுச் சால், கீழே தோலால் தைத்த வால். இரும்பும் தோலும் நீரும் ஓயாது சேரும் அவ்விடத்தில் பட்டைத் தோல் விரைவிற் கெட, குரோமியத் தோல் தாங்கிற்று. சர்க்கார் இப்படித் தொழில் நடத்துதல் தகாதென்று 1910-ல் இந்தியா மந்திரி மோர்லி பிரபு ஆட்சேபிக்கவே, அம்முயற்சி சர்க்கார் கையை விட்டு நீங்கிற்று. அவ்வுத்தரவு இந்நாட்டுக் கைத்தொழிலுக்குக் கேடென்பதே நம் அபிப்பிராயம். சென்னையை அடுத்த குரோம்பேட்டைக்குப் பெயர் தந்ததும் இத்தோல்தான்.

குரோமியம் வந்தபின் தகடு தேர்தல் இன்னும் கடினமாயிற்று. சமையலறையில் நண்பனாகிய அலுமினியம் சுண்ணாம்புத் தொட்டியின் அருகே நில்லாது. காரம் அதை அரித்துவிடும். உப்பும் அமிலமும் கலந்த நீர் இரும்பைத் தின்னும். பித்தளைக்கோ அமோனியாவே எமன். இந்தியாவிலிருந்த பிரிட்டிஷ் பட்டாளத்தின் பித்தளைத் தோட்டாக் கூடுகள் மழைக்காலத்தில் தாமே வெடித்துப் பிளந்தன. குதிரைலாயத்து அமோனியாவே அதற்குக் காரணமென்பது 1921-ல் வெளியான ஆராய்ச்சியால் விளங்கிற்று. சுண்ணாம்பு நீக்க அமோனியா உப்பு சேர்க்கும் தோற்சாலையில் இழுத்து வளைத்த பித்தளையை வைப்பவர் இதை மறவாதிருத்தல் வேண்டும்.

இக்குறைக்கு எவர்சில்வர் வந்தது. 1913-ல் ஷெபீல்டு நகரத்து ஹாரி பிரியர்லி துருவேறா எஃகைக் கண்டார். எஃகைத் துருவினின்று காப்பது அதிற் கலந்த குரோமியமே. தோலைப் பதனிடுவதும் குரோமியத்தின் உப்பே. ஆனால் எல்லா எவர்சில்வரும் ஒன்றல்ல. உப்புநீர் படுமிடத்திற்கு மாலிப்டினம் சேர்ந்த 316 என்னும் இனம் வேண்டும். பற்றவைப்பதாயின் கரி குறைந்த 316 எல். சாதாரண இரும்பை அரைத்த சக்கரத்தாலேயே அதனை அரைத்தால் ஒட்டிய இரும்புத்தூள் துருப்பிடித்துப் புள்ளியிடும். பின்பு தகட்டைப் பழிப்பார், பிழை சக்கரத்தினுடையது.

இக்காலத்து இளைஞர் அக்கிரிலிக்குப் பலகையையும் லேசர் ஒளியால் அறுக்கின்றனர். தோல் வெட்டும் மாதிரிக்கு அது நன்று. ஊடே நோக்கி வடுவை விலக்கிக் கோடிடலாம். அச்சில் வார்த்த பலகை லேசருக்குச் சுத்தமான ஓரந் தரும். பிதுக்கிச் செய்தது உருகி இழையும். தோற்றத்தில் அக்கிரிலிக்கை ஒத்த பி.வி.சி. பலகையை மட்டும் லேசரின்கீழ் வைக்கலாகாது. அதினின்று எழும் உப்பமில ஆவி யந்திரத்தையும் மூச்சையும் கெடுக்கும். பலகை வாங்குமுன் ஒரு சிறு துண்டைச் சோதிக்கலாம்: பழுக்கக் காய்ச்சிய செம்புக்கம்பியால் தொட்டு அக்கம்பியை மீண்டும் சுடரிற் காட்ட, பச்சைச் சுடர் எழுமாயின் அது அக்கிரிலிக்கு அன்று. காற்றோட்டமுள்ள இடத்தில், சற்று விலகி நின்று இதைச் செய்க.