தோட்டத் துரைத்தனம் (சப்ரகமுவ)

தோட்டத் துரைத்தனம் என்பது இலங்கையின் கோப்பி, தேயிலை, இறப்பர்த் தோட்டங்களில் வேர்விட்ட, வேலை கொடுப்பவரே ஆள்பவராகவும் இருந்த அதிகாரமுறை. கூலி, கடன், தண்டனை, குடியிருப்பு ஆகிய நான்கும் ஒரே இடத்தில் குவிந்திருந்தமை அதன் இயல்பு. திருக்குறளின் 56ஆம் அதிகாரமான கொடுங்கோன்மை, முறை தவறிய மன்னனைப் பற்றியது. தோட்ட நிர்வாகியான துரையோ மன்னர் அல்லர், கம்பனியின் சம்பளக்காரர். ஆயினும் இந்த நான்கு பிடிகளும் அவருக்கு மன்னனின் அதிகாரத்தைத் தந்தன. அவற்றை ஒவ்வொன்றாகத் தளர்த்தியதே தொழிலாளர் எதிர்ப்பின் வரலாறு. இக்கட்டுரை சப்ரகமுவவின் இரத்தினபுரி, கேகாலை மாவட்டங்களை முதன்மையாகக் கொண்டு அதைத் தொகுக்கிறது.

களம்

இரத்தினபுரி மாவட்டத்தின் தோட்டப் பகுதிகளான காவத்தையும் கொடகவெலவும் பெல்மதுளையிலிருந்து எம்பிலிப்பிட்டிய செல்லும் வீதியில் உள்ளன; இறக்குவானை அருகில் இருக்கிறது. நுவரெலியாவில் தோட்டத்தோடு தோட்டம் தொடுத்துக் கிடக்கும். சப்ரகமுவவில் தேயிலையும் இறப்பரும் சிங்களக் கிராமங்களுக்கு நடுவே சிதறிக் கிடக்கின்றன. இதனால் இங்குள்ள தமிழ்த் தொழிலாளர் பிற தோட்டத்தாரோடு ஒன்றுகூடுவது அரிதாயிற்று. வாக்குப் பலமும் சிறுத்தது. வன்முறை வந்தபோது ஓடி ஒளியவும் இடமில்லாமற் போயிற்று.

அதிகாரத்தின் அமைப்பு

தமிழகத்துக் கிராமங்களிலிருந்து ஆள் திரட்டியவர் கங்காணி. வழிச்செலவும் முற்பணமும் தோட்டத்தில் கால் வைக்கும் முன்பே கடனாக ஏறின. தன் ஆட்கள் வேலைக்கு வந்த நாளுக்கு இவ்வளவு என்று கங்காணிக்குத் தலைக்காசு கிடைத்ததால், நோயாளியையும் காலையில் ஆள் கணக்கெடுக்கும் பிரட்டுக்களத்துக்கு இழுத்துவருவது அவருக்கு இலாபமாயிற்று. குறைவாகக் கொழுந்து எடுத்தவருக்கு அரைநாள் கூலியான ‘அரைப்பேர்’தான் விழும்.

கடனை அடைத்தால் ஆளை விடுவிக்கத் தயார் எனத் துரை எழுதிக்கொடுத்த சீட்டு ‘துண்டு’. அதைக் காட்டிக் கங்காணி இன்னொரு தோட்டத்தில் பெரிய முற்பணம் வாங்குவார். அந்தத் தொகையும் தொழிலாளர் பேரில் எழுதப்படும். இவ்வாறு இடம் மாறியவரின் கடன் குறையாமல் வளர்ந்தது.

1865ஆம் ஆண்டின் 11ஆம் இலக்கக் கட்டளைச் சட்டம் வேலை ஒப்பந்தத்தை மீறுவதைக் குற்றமாக்கி, சொல்லாமல் வேலையை விட்டவரைச் சிறைக்கு அனுப்ப வழிசெய்தது.  அதாவது துரையின் கோபத்துக்குப் பின்னால் நீதவான் நின்றார்.

தொடக்ககால எதிர்ப்பு

சங்கம் இல்லாத காலத்தில் தொழிலாளர் கையிலிருந்த வழி ஓட்டம். தோட்டத்து வரிசை வீடான லயத்தை இரவோடிரவாகக் காலிசெய்து வேறு தோட்டத்துக்கோ ஊருக்கோ போய்விடுவார்கள். இதை ஒழுக்கக்கேடு எனத் துரைமார் பழித்தனர். உண்மையில் கொடுமைக்கு அஞ்சியவர் கொடுத்த ஒரே பதில் அதுவே.

1919இல் பொன்னம்பலம் அருணாசலம் தொழிலாளர் நலனுக்கெனச் சங்கம் அமைத்தார். தோட்டங்களின் நிலைக்கு இந்தியாவிலும் கண்டனம் எழுந்தது. 1921இல் துண்டு முறையும் ஒப்பந்த மீறலுக்கான சிறைத் தண்டனையும் ஒழிக்கப்பட்டன. 1927ஆம் ஆண்டுச் சட்டம் குறைந்தபட்சக் கூலிக்கு வழிவகுத்தது. கடன், தண்டனை, கூலி ஆகிய பிடிகள் இவ்வாறு தளர்ந்தன.

தொழிற்சங்க காலம்

தஞ்சாவூரிலிருந்து வந்த கோ. நடேசய்யர் தோட்டத் துரைத்தனத்தைப் பெயரிட்டு எதிர்த்த முதல்வர்களுள் ஒருவர். ‘தேசநேசன்’ இதழை நடத்தினார். துரைமார் ஆட்சியைக் கண்டித்து ஆங்கிலத்தில் நூல் எழுதினார். 1931இல் தோட்டத் தொழிலாளர் சம்மேளனத்தை அமைத்தார். அத்துமீறல் சட்டம் வெளியாரைத் தோட்டத்துக்குள் விடாததால் புடவை வியாபாரியாக அவர் நுழைந்தார் என்பது மலையகத்தில் பரவலாகச் சொல்லப்படும் செய்தி. எழுத்தறியாதவர்களிடம் கருத்தைப் பாட்டாகக் கொண்டுசென்றவர் அவர் மனைவி மீனாட்சியம்மாள்.

1937இல் தொழிலாளர் பக்கம் பேசிய பிரேஸ்கேர்டில் என்ற இளம் தோட்ட அதிகாரியை நாடுகடத்த ஆளுநர் ஆணையிட்டார். உயர்நீதிமன்றம் அவரை விடுவித்தது. 1939இல் இலங்கை இந்தியக் காங்கிரஸ் தோன்றியது. 1940 ஜனவரியில் முல்லோயாத் தோட்ட வேலைநிறுத்தத்தின்போது பொலிஸ் சுட்டதில் தொழிலாளி கோவிந்தன் உயிரிழந்தார். அதன்பின் வேலைநிறுத்தம் தோட்டம் தோட்டமாகப் பரவியது.

நேவ்ஸ்மியர்

சப்ரகமுவவின் முதன்மையான போராட்டம் கேகாலை மாவட்டத்து உந்துகொடையில் நடந்தது. நேவ்ஸ்மியர் தோட்டத்தை அரசு சுவீகரித்து, கிராமத்தவருக்குப் பகிர்ந்தளிக்க முனைந்தது. அங்கேயே வாழ்ந்துவந்த தொழிலாளருக்கு வெளியேறும் அறிவித்தல் வந்தது. அவர்கள் மறுத்தனர், அத்துமீறல் வழக்குத் தொடரப்பட்டது. 1946இல் கேகாலையில் எழுந்த வேலைநிறுத்தம் பிற தோட்டப் பகுதிகளுக்கும் பரவியது.

வழக்கு உச்ச மேன்முறையீட்டு மன்றமான இலண்டன் கோமறைக் கழகம் வரை சென்றது. உரிமை உண்டென்று உண்மையாக நம்பி ஓரிடத்தில் இருப்பவர், அதனால் மற்றவருக்குத் தொல்லை நேரும் என்று அறிந்திருந்தார் என்பதற்காக மட்டும் குற்றவாளியாகார் என 1950இல் அது தீர்ப்பளித்தது. ‘செல்வநாயகம் எதிர் மன்னர்’ என்ற அத்தீர்ப்பு அத்துமீறல் வழக்குகளில் முன்மாதிரியாயிற்று. ஆனால் வீடு தொழிலாளருக்கே உரியது என்று அது சொல்லவில்லை.

குடியுரிமையும் வன்முறையும்

துரையின் பிடி தளர்ந்த வேளையில் அரசின் பிடி இறுகியது. 1948ஆம் ஆண்டின் 18ஆம் இலக்கக் குடியுரிமைச் சட்டம் மலையகத் தமிழரில் பெரும்பாலோரை நாடற்றவராக்கியது. 1952இல் இலங்கை இந்தியக் காங்கிரஸ் இதை எதிர்த்துச் சத்தியாக்கிரகம் நடத்தியது. 1964 ஒக்டோபர் 30இல் கையெழுத்தான சிறிமா–சாஸ்திரி ஒப்பந்தம், அவர்களைக் கேட்காமலே 5,25,000 பேரை இந்தியாவுக்கும் 3,00,000 பேரை இலங்கைக்கும் பங்கிட்டது. குடியுரிமைச் சிக்கலைத் தீர்க்கும் சட்டம் 2003இல்தான் நிறைவேறியது.

1970களில் தோட்டங்கள் அரசுடைமையாயின. துரை போய் அரச அதிகாரி வந்தார், லயம் அப்படியே இருந்தது. 1977இலும், 1981 ஓகஸ்டில் இரத்தினபுரி, காவத்தை, இறக்குவானைப் பகுதிகளிலும், 1983 ஜூலையிலும் இனவன்முறையில் தோட்ட மக்கள் தாக்கப்பட்டனர். பலர் வவுனியாவுக்கும் இந்தியாவுக்கும் போயினர். கொடுமை ஒருவரின் கையிலிருந்து கும்பலின் கைக்கு மாறியபோது சங்கக் கொடி காப்பாற்றவில்லை.

இன்றைய நிலை

1984இல் ஆண், பெண் கூலி சமமாயிற்று. 1992இல் நிர்வாகம் மீண்டும் தனியாரிடம் சென்றது. நாட்கூலி 1,000 ரூபா என்பதைச் சம்பளச் சபை 2021இல் நிர்ணயித்தபோது கம்பனிகள் நீதிமன்றம் ஏறின. மலையக மக்களின் 200 ஆண்டு நிறைவையொட்டி 2023இல் தலைமன்னாரிலிருந்து மாத்தளைக்கு நடந்தவர்கள் முன்வைத்தவற்றுள் காணியுரிமை முக்கியமானது. கடன் ஒழிந்தது, சிறைத் தண்டனை ஒழிந்தது, கூலியைச் சட்டம் வரையறுத்தது. நான்காவது பிடியாகிய குடியிருப்பு மட்டும் இன்னும் தோட்டத்தின் கையில் இருக்கிறது. லயத்தில் வாழும் பெரும்பாலான குடும்பங்களுக்கு அந்த நிலத்துக்கான உறுதிப் பத்திரம் இன்றும் இல்லை.