ஜேம்ஸ் டரல்

ஒளியை மூலப்பொருளாகக் கொண்டு அறைகளையும் அரங்குகளையும் படைக்கும் அமெரிக்கக் கலைஞர். 1943 மே 6 அன்று லாஸ் ஏஞ்சலஸில் பிறந்தார். மற்றவர்கள் ஒரு பொருளைக் காட்டுவதற்கு விளக்குப் போடுவார்கள்; டரலின் அறையில் அப்படிக் காட்ட எதுவுமே இருக்காது. அங்கே காண வேண்டியது ஒளியையும், அதைக் காணும் நம் கண் செய்யும் வேலையையும்தான்.

பெற்றோர் குவேக்கர்கள். பேச்சின்றிக் கூடி அமர்ந்து உள்ளொளிக்குக் காத்திருப்பது அவர்களின் வழிபாடு. தந்தை விமானத் துறைப் பொறியாளர். மகனும் 16 வயதிலேயே விமானி உரிமம் பெற்றார். 1965இல் பொமோனா கல்லூரியில் புலனுணர்வு உளவியலில் பட்டம் வாங்கினார். வியட்நாம் போருக்கான கட்டாய ஆள்சேர்ப்பைத் தவிர்க்க இளைஞர்களுக்கு வழிகாட்டியதற்காகச் சிறைக்கும் போனார்.

1966இல் சான்டா மோனிகாவில் மென்டோட்டா என்ற பழைய ஹோட்டலை வாடகைக்கு எடுத்து, அதன் ஜன்னல்களை அடைத்தார். மூலையில் ஒரு புரொஜெக்டர் ஒளியை விழச் செய்தபோது, கனசதுரம் ஒன்று அந்தரத்தில் மிதப்பதாகத் தோன்றியது. ‘அஃப்ரம்’ வரிசையின் தொடக்கம் இதுவே. பிறகு, அடைத்த ஜன்னல்களில் சிறு திறப்புகள் விட்டு, தெருவிளக்கையும் கார் முகப்பொளியையும் இரவில் அறைக்குள் வரவழைத்தார். என் மதிப்பீட்டில் அவர் பின்னாளில் செய்த எல்லாவற்றுக்கும் வித்து இந்த ஹோட்டல் அறைகளில் இருக்கிறது.

1968–69இல் கலைஞர் ராபர்ட் இர்வினுடனும் உளவியலாளர் எட்வர்ட் வொர்ட்ஸுடனும் சேர்ந்து, எதிரொலியற்ற அறையிலும், விளிம்போ ஆழமோ புலப்படாத ஒரே சீரான ஒளிப்பரப்பிலும் மனித உணர்வு எப்படி மாறுகிறது என்று ஆராய்ந்தார். இந்த மயக்கம் எவ்வளவு வலுவானது என்பது 1980இல் நியூயார்க்கின் விட்னி அருங்காட்சியகத்தில் தெரிந்தது: ஒளியால் ஆன ‘சுவரை’ நிஜமென்று நம்பிச் சாய்ந்த பார்வையாளர் விழுந்து காயப்பட்டு, வழக்கும் தொடரப்பட்டது.

1970களில் இத்தாலியின் வரேசேயில், கலைச் சேகரிப்பாளர் பான்சாவின் மாளிகையில் முதல் ‘வான்வெளி’ அறை அமைந்தது. கூரையில் ஒரு திறப்பு. அதன் விளிம்பு கத்தி முனைபோல் சீவப்பட்டிருக்கும். கூரையின் தடிமன் தெரியாததால், வானம் தொலைவை இழந்து கூரையிலேயே ஒட்டிக்கொண்டதுபோல் ஆகிவிடுகிறது. அந்திவேளையில் உள்விளக்குகளின் நிறத்தை மாற்றினால் வானத்தின் நிறமும் மாறித் தோன்றும். இத்தகைய அறைகள் இன்று பல நாடுகளில் உள்ளன.

ஜப்பானின் நவோஷிமா தீவில், கட்டடக் கலைஞர் தடாவோ ஆண்டோ அமைத்த மினாமிதேரா கட்டடத்தில் இதற்கு நேரெதிரான அனுபவம். உள்ளே நுழைந்ததும் கும்மிருட்டு. பல நிமிடங்கள் கழித்தே மங்கலான ஒளி தென்படும். அது முதலிலிருந்தே அங்கே இருந்தது; கண்தான் இருளுக்குப் பழகியிருக்கிறது.

அவருடைய மாபெரும் பணி அரிசோனாவின் ரோடன் எரிமலை. 1974இல் விமானத்திலிருந்து கண்டெடுத்த இந்த அணைந்த எரிமலையை 1977இல் தன்வசமாக்கினார். கிண்ண வடிவ வாயின் விளிம்பைச் சீராக்கி, உள்ளே சுரங்கப் பாதைகளையும், சூரியனையும் சந்திரனையும் நோக்கிய அறைகளையும் கட்டிவருகிறார். ஒரு சுரங்கத்தின் நீளம் மட்டும் 854 அடி. நிலக்கடனைச் சமாளிக்க மாட்டுப் பண்ணையும் நடத்தினார்.

2013இல் லாஸ் ஏஞ்சலஸ், ஹூஸ்டன், நியூயார்க் ஆகிய மூன்று நகரங்களில் ஒரே சமயத்தில் அவரது பெருங்காட்சிகள் நடந்தன. பெரும்பாலோர் அவரைப் புகைப்படங்கள் வழியாகவே அறிவார்கள். ஆனால் புகைப்படம் ஒரு கணத்தின் நிறத்தைத்தான் பிடிக்கும். அந்த நிறத்துக்குக் கண் மெல்ல மெல்ல வந்துசேரும் நேரம் அதில் பதிவதில்லை.