உஸ்துர்லாப் வினைஞரும் ஊரின் நேரமும்

மேல்மலையனூரில் அமாவாசை இரவுதோறும் அங்காளபரமேசுவரி ஆலயத்து ஊஞ்சல் உற்சவத்திற்குப் பெருங்கூட்டம் கூடுகின்றது. அடுத்து வரும் ஓரிரு மாலைகளில் அவ்வட்டாரத்து முஸ்லிம்கள் மேற்கு வானில் தலைப்பிறையைத் தேடுகின்றனர். மாதக் கணக்கை இரு சமூகத்தாருக்கும் ஒரே நிலவு தருகின்றது. நாளின் பொழுதுகளை நுட்பமாக அளப்பதற்கோ மனிதனுக்குக் கருவி வேண்டியிருந்தது. காலத்தையே மாற்றிவிடும் பொருள்களைச் செய்யும் மாயக் கைவினைஞரைப் பற்றிக் கதைகள் பேசும். மனிதர் காலத்தை உணரும் முறையை உண்மையிலேயே மாற்றிய வினைஞர் சிலரை வரலாற்றில் நாம் காண்கின்றோம்.

தமிழகத்திற்கு இத்தொழில் புதிதன்று. பாசறையில் நீரை அளந்து பொழுது கூறிய நாழிகைக் கணக்கரை முல்லைப்பாட்டு குறிப்பிடுகின்றது. ஒரு நாளுக்கு 60 நாழிகை. ஒரு நாழிகைக்கு 24 நிமிடம். நீரில் மிதக்கும் வட்டிலின் அடியிலிடும் துளை சற்றுப் பெரிதானாலும் ஊரின் பொழுது பிழைபடும். எனவே, நம்பகம் முழுவதும் அதனைச் செய்தவன் கையில் இருந்தது.

இஸ்லாமிய உலகில் இக்கலை பெருவளர்ச்சி கண்டது. தொழுகையை நேரத்தோடு பிணைக்கப்பட்ட கடமையாகத் திருக்குர்ஆன் (4:103) விதித்தமையால், வானியல் பள்ளிவாசலுக்குள்ளும் இடம்பெற்றது. திமிஷ்க் உமையா பள்ளிவாசலில் நேரக் கணிப்பாளராகப் பணியாற்றிய இப்னு ஷாத்திர் 1371இல் அங்கு அமைத்த சூரியக் கடிகாரத்தின் நிழற்கோல் பூமியின் அச்சுக்கு இணையாகச் சாய்ந்திருந்தது. அதனால் அது ஆண்டு முழுவதும் சம அளவான மணிகளைக் காட்டிற்று.

இக்கருவிகளுள் தலையாயது உஸ்துர்லாப். பித்தளையாலான வட்டக் கூடு; அதனுள் பொருந்தும் தட்டுகள்; மேலே விண்மீன்களைச் சுட்டும் துளைவேலைப்பாட்டு வலை; பின்புறம் சூரியனின் உயரத்தைப் பார்க்கும் சுழல்சட்டம் ஆகியன அதன் உறுப்புகள். பல கருவிகளின் பின்புறத்தில் நிழல் அளவைகளும் பொறிக்கப்பட்டன. ஒரு பொருளின் நிழல், நண்பகல் நிழல் போக அதன் உயரமளவு நீள்கையில் ஷாஃபிஈ மத்ஹபில் அஸர் தொடங்குகின்றது. இமாம் அபூஹனீஃபாவின் கருத்துப்படி அது இருமடங்காக வேண்டும். இவ்வேறுபாட்டைக் கருவியில் கோடாக வரைய அறிந்தவன் கொல்லனாக மட்டும் இருந்திருக்க முடியாது என்பது தெளிவு.

இந்தியாவில் இக்கலையின் உச்சத்தை லாகூரின் ஒரு குடும்பம் எட்டியது. உஸ்தாத் அல்லாஹ்தாத் 1567இல் செய்த உஸ்துர்லாப் ஹைதராபாத் சாலார்ஜங் அருங்காட்சியகத்தில் உள்ளது. அவர் மகன் முல்லா ஈஸா, பேரர்கள் காயிம் முஹம்மத், முஹம்மத் முகீம், கொள்ளுப்பேரர் ளியாவுத்தீன் முஹம்மத் என நான்கு தலைமுறைகள் இத்தொழிலைப் பேணின. ளியாவுத்தீன் தம் கருவிகளில் தந்தை, பாட்டன், முப்பாட்டன் பெயர்களையும் வரிசையாகப் பொறித்தார். அறிவை யாரிடமிருந்து பெற்றோம் என்று சொல்லும் ‘இஸ்னாது’ மரபைப் பித்தளையிலும் காண்பதாகவே இது நமக்குத் தோன்றுகின்றது. லாகூர் வினைஞர் விண்கோளங்களைப் பொருத்துவாய் இன்றி ஒரே வார்ப்பாக, மெழுகு வார்ப்பு முறையில் செய்தனர். நம் சுவாமிமலைச் சிற்பிகள் செப்புத் திருமேனிகளை வார்ப்பதும் மெழுகு கொண்டே.

உஸ்துர்லாபின் தட்டு ஒவ்வொன்றும் ஒரு குறிப்பிட்ட அட்சரேகைக்கே உரியது என்பதை இங்குக் கருத்தில் கொள்ள வேண்டும். லாகூருக்குரிய தட்டு, 12 பாகையை அடுத்து அமைந்த மேல்மலையனூருக்குப் பயன்படாது. நேரத்திற்கு ஓர் ஊர் உண்டு என்பதே அவ்வினைஞர் கற்பித்த பாடம்.

பிற்காலம் இதனை மறக்கச் செய்தது. 1792இல் நிறுவப்பட்ட சென்னை வானாய்வகத்தின் நேரம் பின்னர் இந்திய இருப்புப்பாதைகளின் பொது நேரமாயிற்று. 1906 சனவரி முதல் நாளில் இந்தியப் பொதுநேரம் நடைமுறைக்கு வந்தது. அது சென்னை நேரத்தைவிட ஏறத்தாழ 9 நிமிடம் முந்தியது. சூரியன் தன் வழியிலேயே சென்றது. கடிகார முள்ளே நகர்த்தப்பட்டது. நிருவாகத்திற்கும் பயணத்திற்கும் இவ்வொருமை இன்றியமையாதது என்பதை நாம் மறுக்கவில்லை. எனினும், பொதுநேரம் 82½ பாகைத் தீர்க்கரேகையைச் சார்ந்தது. மேல்மலையனூரோ 79⅓ பாகையளவில் உள்ளது. எனவே, அங்குச் சூரியன் உச்சியை அடையும் நேரம் நவம்பர்த் தொடக்கத்தில் ஏறத்தாழ 11.56, பிப்ரவரி நடுவில் 12.27. லுஹர் தொடங்கும் நேரத்தில் அரை மணி வேறுபாடு உண்டு என்பதே இதன் பொருள்.

சென்னைக்குக் கணித்த அட்டவணையை அப்படியே இங்குப் பின்பற்றினால் நேரும் விளைவு சிறிதன்று. சென்னையில் சூரியன் மறைந்து, ஆண்டுச் சராசரியாக ஏறத்தாழ 4 நிமிடம் கழிந்த பின்னரே மேல்மலையனூரில் மறைகின்றது. திண்டிவனத்தில் இவ்விடைவெளி ஏறத்தாழ இரண்டரை நிமிடம். ரமளானில் சென்னை அட்டவணையை நோக்கி நோன்பு திறப்பவர், தம் ஊரில் சூரியன் மறையுமுன்னரே திறந்தவராவார். பகல் முழுதும் பசியும் தாகமும் பொறுத்தவரின் நோன்பு, ஒரு தாளில் ஊர்ப்பெயரைக் கவனியாமையால் பழுதுபடலாமா?

இன்று பள்ளிவாசல் சுவரில் ஒளிரும் மின்னணுப் பலகையின் உள்ளேயும் அட்சரேகை, தீர்க்கரேகைக் கணக்கே இயங்குகின்றது. அதில் எந்த ஊர் பதியப்பட்டுள்ளது, அஸருக்கு எந்த மத்ஹபின் முறை தேர்ந்தெடுக்கப்பட்டுள்ளது என்பவற்றைப் பள்ளி நிருவாகிகள் ஒருமுறை சரிபார்ப்பது நன்று. பள்ளி முற்றத்தில் ஒரு கோலை நட்டு, அதன் நிழல் குறுகி மீண்டும் நீள்வதைச் சிறுவர்க்குக் காட்டுவது அதனினும் நன்று. லாகூரின் அக்குடும்பம் நான்கு தலைமுறை காத்த அறிவின் முதற்பாடம் அந்நிழலில் இருக்கின்றது.