திண்டுக்கல் பூட்டை 'திண்டுக்கல் பூட்டு' ஆக்குவது எது? ஆன்டாலஜி என்ற தத்துவத் துறை சொல்வது என்ன?

திண்டுக்கல்லில் ஒரு கடையில் பூட்டு வாங்கப் போகிறீர்கள் என்று வைத்துக்கொள்வோம். "ஒரிஜினல் திண்டுக்கல் பூட்டு சார், கண்ணை மூடிட்டு வாங்கிட்டுப் போங்க" என்கிறார் கடைக்காரர். பக்கத்துக் கடையில் கிட்டத்தட்ட அதே தோற்றத்தில், குறைந்த விலையில் இன்னொரு பூட்டு தொங்குகிறது. அது உத்தரப் பிரதேசத்தின் அலிகாரில் மெஷினில் செய்து லாரியில் வந்து இறங்கியது. இரண்டும் உலோகம்தான், இரண்டும் கதவைப் பூட்டும். அப்போ வித்தியாசம் எங்க இருக்கு? பூட்டுக்குள்ளா, செய்த கையிலா, ஊர்ப் பெயரிலா?

வியாபாரக் கேள்வி மாதிரி தெரியும் இது, உண்மையில் பழைய தத்துவக் கேள்வி. இதைப் படிக்கும் துறைக்குப் பெயர் ஆன்டாலஜி. தமிழில் இருப்பியல் என்கிறார்கள்.

ஆன்டாலஜி என்றால் என்ன?

உலகத்தில் என்னென்ன வகைப் பொருள்கள் 'இருக்கின்றன', ஒரு பொருளை அந்தப் பொருளாக்குவது எது என்று கேட்பதுதான் இருப்பியல். கேள்வி அரிஸ்டாட்டில் காலத்தது என்றாலும், சொல் 17ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில்தான் ஐரோப்பிய நூல்களில் வருகிறது. 20ஆம் நூற்றாண்டில் ஜெர்மனியின் ஹைடெக்கர் 1927லும், அமெரிக்காவின் குவைன் 1948லும் வெளியிட்ட எழுத்துகள் இதை மீண்டும் பேசுபொருளாக்கின.

தமிழுக்கு இது புதுசு இல்லை. உயர்திணை, அஃறிணை என்று தொல்காப்பியம் பிரிப்பதே உலகைப் பற்றிய ஒரு வகைப்பாடுதான். மரபியலில் அது இன்னும் ஒரு படி போகிறது. புல், மரத்துக்கு ஓரறிவு; நத்தை, சிப்பிக்கு இரண்டு; கரையான், எறும்புக்கு மூன்று; நண்டு, தும்பிக்கு நான்கு; விலங்குகளுக்கு ஐந்து; மனிதருக்கு ஆறு. பள்ளியில் மார்க்குக்காக மனப்பாடம் செய்துவிட்டு மறந்துபோன பகுதி இது. 'ஏஐ சொன்னது' என்பதா, 'ஏஐ சொன்னார்' என்பதா என்று யாராவது யோசித்தால், அவர் தொட்டிருப்பது அதே திணைக் கேள்வியைத்தான்.

சரி, பூட்டுக்கு வருவோம்

திண்டுக்கல் பூட்டு 2019 ஆகஸ்டில் புவிசார் குறியீடு பெற்றது. விண்ணப்பித்தது பூட்டுத் தொழிலாளர்களின் கூட்டுறவு சங்கம். நாகல் நகர், நல்லாம்பட்டி, யாகப்பன்பட்டி என நகரத்திலும் சுற்றுவட்டாரத்திலும் பட்டறைகள் இருந்த தொழில் இது. மாங்காய்ப் பூட்டு, மணிப் பூட்டு, அலமாரிப் பூட்டு, ஷட்டர் பூட்டு என்று வகைகள் ஏராளம்.

பூட்டின் உயிர் அதன் லீவர்களில் இருக்கிறது. உள்ளே அடுக்கடுக்காக இருக்கும் இந்தத் தகடுகளை, சாவியின் வெட்டு ஒவ்வொன்றும் சரியான உயரத்துக்குத் தூக்கினால்தான் தாழ் நகரும். லீவர் கூடக் கூட, கள்ளச்சாவி போடுவது கடினம். கையால் அறுத்து, அரத்தால் ராவிப் பொருத்துவதால் ஒரு பூட்டின் லீவர் அமைப்பு இன்னொன்றில் அப்படியே வருவது அரிது.

இதில் 'திண்டுக்கல் தன்மை' எது என்பதில்தான் சிக்கல். அமெரிக்கத் தத்துவ ஆய்வாளர் ஏமி தாமஸன் போன்றவர்கள், செய்பொருளின் இயல்பு அதைச் செய்தவரின் நோக்கத்தைச் சார்ந்தது என்கிறார்கள். கல் யாரும் நினைக்காமலே கல்லாக இருக்கும், பூட்டு அப்படி இல்லை. பூட்டாக வேண்டும் என்று ஒருவர் நினைத்துச் செய்ததால்தான் அது பூட்டு. வேலை செய்வதுதான் அடையாளம் என்று எடுத்துக்கொண்டால், சாவி தொலைந்து துருப்பிடித்துக் கிடக்கும் தாத்தா காலத்துப் பூட்டை என்னவென்று சொல்வது? அதையும் பூட்டு என்றுதானே சொல்கிறோம்.

இன்னொரு பழைய புதிரும் உண்டு. பலகைகளை ஒவ்வொன்றாக மாற்றிக்கொண்டே வந்தால் அது அதே கப்பல்தானா என்று கிரேக்கர்கள் தீசியஸின் கப்பலை வைத்துக் கேட்டார்கள். நம்ம ஊரில், லீவரை மாற்றி, வளையத்தை மாற்றி, கடைசியில் கூட்டையும் மாற்றிய பிறகும் "இது எங்க அப்பா வாங்கின பூட்டு" என்பார்கள்.

சட்டம் எந்தப் பக்கம்?

1999ஆம் ஆண்டின் புவிசார் குறியீடுச் சட்டம் இதற்கு ஒரு பதில் வைத்திருக்கிறது. பொருளின் தரமோ, நற்பெயரோ, வேறு தன்மையோ 'சாராம்சத்தில்' அந்த இடத்தால் வந்ததாக இருக்க வேண்டும். தொழிற்பொருள் என்றால், உற்பத்தி, பதப்படுத்தல், தயாரிப்பு ஆகியவற்றில் ஏதாவது ஒரு வேலையாவது அந்த எல்லைக்குள் நடக்க வேண்டும். சாராம்சம் என்பது அரிஸ்டாட்டில் காலத்திலிருந்து தத்துவத்தில் அடிபடும் கருத்து. அது இப்போது ஒரு பட்டறைக்காரரின் சோற்றைத் தீர்மானிக்கிறது. பொய்யாகக் குறியீட்டைப் பயன்படுத்தினால் 6 மாதம் முதல் 3 ஆண்டு வரை சிறை, 50 ஆயிரம் முதல் 2 லட்சம் ரூபாய் வரை அபராதம் உண்டு.

ஆனால் தன் பூட்டில் குறியீட்டைப் பயன்படுத்த, அதைச் செய்பவர் 'அங்கீகரிக்கப்பட்ட பயனர்' என்று பதிவு செய்திருக்க வேண்டும். அப்படிப் பார்த்தால் நல்லாம்பட்டியில் பிறந்து, அங்கேயே தொழில் கற்று, பதிவு செய்யாமல் பூட்டு செய்யும் ஒருவரின் பூட்டு திண்டுக்கல் பூட்டா இல்லையா? கையைக் கேட்டால் ஆம். காகிதத்தைக் கேட்டால், குறியீடு போட முடியாது. எந்த ஊரில் செய்தது என்பதைச் சட்டம் பார்த்துக்கொள்கிறது. யார் கையில் செய்தது என்பதை அவ்வளவாகப் பார்க்கவில்லை என்பதே இதன் பலவீனம்.

வாழைப்பழத்தில் கேள்வி தலைகீழ்

இதே மாவட்டத்தின் விருப்பாச்சி, சிறுமலை மலை வாழைப்பழங்களுக்கும் குறியீடு உண்டு. முடிக்கொத்து நோய் என்ற வைரஸ் இந்த வாழையை ஏறக்குறைய துடைத்தெடுத்தது. பிறகு திசு வளர்ப்பு முறையில், ஆய்வகக் குழாயில் நோயற்ற கன்றுகளை உருவாக்கி மீட்டார்கள். குழாயில் பிறந்தாலும் மலையில் வளர்ந்தால் அது மலை வாழைதான். அதே கன்றைச் சமவெளியில் நட்டால்? மரபணு அதேதான், பெயர் கிடைக்காது. பூட்டில் கை, வாழையில் மண். அப்புறம் பழனி பஞ்சாமிர்தத்துக்கும் 2019இல் குறியீடு கிடைத்தது. அதில் வாழைப்பழம், சர்க்கரை, நெய், தேன், ஏலக்காய் எல்லாம் சேர்ந்தாலும் பக்தருக்கு அது பிரசாதம், வெறும் இனிப்பு இல்லை.

எல்லோரும் ஒப்புக்கொண்டால் போதுமா?

பிரசாதம் மாதிரியான பொருள்களை விளக்க அமெரிக்கத் தத்துவ அறிஞர் ஜான் சேர்ல் 1995இல் எழுதிய நூல் உதவும். சில பொருள்கள் நாம் கூட்டாக ஏற்பதால்தான் அப்படி இருக்கின்றன என்கிறார். நமக்கு நல்ல உதாரணம் 2016 நவம்பர் 8. அன்று இரவு 500, 1000 ரூபாய் நோட்டுகளின் காகிதமும் மையும் மாறவில்லை. 12 மணிக்கு மேல் அவை செல்லாமல் போயின.

கம்ப்யூட்டருக்கு எதற்கு இது?

1990களில் இந்தச் சொல்லை கணினித் துறை கடன் வாங்கியது. எந்தெந்தப் பொருள்கள் உண்டு, அவற்றுக்குள் என்ன உறவு என்று மெஷினுக்குப் புரியும்படி எழுதிய பட்டியலே அங்கே ஆன்டாலஜி. மரபணு ஆய்வாளர்களின் 'ஜீன் ஆன்டாலஜி' பிரபலமானது. கூகுளில் ஊர் பெயரைத் தேடினால் பக்கவாட்டில் வரும் தகவல் பெட்டிக்குப் பின்னாலும், 2012இல் வந்த நாலெட்ஜ் கிராஃப் என்ற இதே போன்ற உறவு வலை இருக்கிறது.

வரி அட்டவணையும் ஒரு வகையில் இதுதான். சுங்க வரிசையில் 8301 என்ற எண்ணின் கீழ் திண்டுக்கல் பூட்டும் அலிகார் பூட்டும் ஒன்றாகவே நிற்கின்றன. அந்தப் பட்டியலில் ஊருக்கு இடமில்லை.